இரண்டாம் ஸ்தானம்

உதவி டைரக்டர் உத்தியோகம் என்பது, என்றேனும் ஒரு நாள் டைரக்டராகிவிடலாம் என்ற ஆசையில் பல்லைக் கடித்துக்கொண்டு கழிக்க வேண்டிய உமேதுவாரிக் காலம் என்பதே ஜனங்களின் பொதுவான அபிப்பிராயம். ஜப்பானிய பூதாகார மிருகப் படங்களின் பிதாமகரான இஷிரோ ஹோண்டாவின் வாழ்க்கையை ஊன்றிப் பார்ப்பவர்கள் அந்த அபிப்பிராயத்தைக் கைவிட நேரும்.

1933-ல் டோக்கியோ ஸ்டூடியோவொன்றில் சேர்ந்த ஹோண்டா, முதல் கதைப் படத்தை இயக்கியது 1951-ல்தான். இடைப்பட்ட காலத்தில் மும்முறை ராணுவத்துக்கு இழுக்கப்பட்டு அவர் சீனத்தில் வருஷங்களைத் தொலைத்துக்கொண்டிருக்க, அவருக்குப் பின்னால் வந்து சேர்ந்த சிநேகிதர் அகிரா குரோசாவா 1943-லேயே டைரக்டராகிவிட்டார். வேறொருவராயிருந்தால் மனம் கசந்திருக்கும். ஹோண்டாவோ, 1949-ல் குரோசாவா ‘தெருநாய்’ படத்தை எடுத்தபோது அவருக்கே தலைமை உதவியாளராக அமர்ந்து, தோல்வியுற்ற டோக்கியோவின் கள்ளச்சந்தைகளில் மறைத்து வைத்த காமிராவோடு திரிந்ததுமன்றி, கதாநாயகன் மிஃபூனேயின் உடையைத் தாமே அணிந்து அவருக்குப் பதிலாக நடக்கவும் செய்தார். சந்தை நெரிசலில் நாம் காணும் கால்கள் ஹோண்டாவினுடையவை. யுத்தத்துக்குப் பிந்திய சூழ்நிலை அப்படத்தில் தத்ரூபமாக அமைந்ததற்கான பெருமையில் பெரும் பங்கு ஹோண்டாவைச் சேர்ந்தது என்று குரோசாவா தம் சுயசரிதையிலேயே எழுதியிருக்கிறார்.

முகம் காட்டாத உடலின் உழைப்பை இவ்வாறு சுயமாக அறிந்தவர் 1954-ல் ‘கோஜிரா’ என்ற பூதாகார மிருகப் படத்தை எடுக்க முற்பட்டது பொருத்தமே. யுத்தம் முடிந்து திரும்பும் வழியில் அவர் கண்ட ஹிரோஷிமாவின் நாசம் அந்த மிருகத்தின் பின்னால் நிற்கிறது. அதனுள்ளே நின்றவர் ஹருவோ நகஜிமா என்ற துணை நடிகர். சுமார் நூறு கிலோ கனமுள்ள ரப்பர் உடைக்குள், விளக்குகளின் உஷ்ணத்தில் வியர்த்து வெந்து, மிருகக்காட்சிசாலையில் யானையும் கரடியும் நடப்பதைக் கவனித்துப் பயின்ற நடையை அதற்குக் கொடுத்து, 1972 வரை பன்னிரண்டு படங்களில் அந்த வேஷத்தைத் தாங்கினார் அவர். அதற்குப் படக் கம்பெனி செய்த கைம்மாறு என்ன? செலவைச் சுருக்க வேண்டிய காலம் வந்ததும், தன் பௌலிங் விளையாட்டுக் கூடத்தில் அவருக்கு ஒரு வேலை கொடுத்தது! சீடனைப் பல வருஷங்கள் பொறுமையாகப் பழக்கிய அதே ஸ்டூடியோ முறைக்கு இப்படியொரு கல் நெஞ்சும் இருந்தது என்பதை, அம்முறையை நினைத்து இன்று பெருமூச்சு விடுகிறவர்கள் மறந்துவிடுகிறார்கள்.

ஹோண்டா எட்டு கோஜிராப் படங்களை இயக்கி, 1975-ல் திரைப்படத்திலிருந்து ஒதுங்கினார். ஆனால், உலகெங்கும் பிரசித்தி பெற்ற டைரக்டரான அவர், எழுபதை நெருங்கும் வயதில், ‘காகெமுஷா’வுக்காகத் திரும்பவும் குரோசாவாவின் உதவியாளராகச் சேர்ந்ததை என்னவென்று சொல்வது! அது வீழ்ச்சியென்று எவரேனும் பரிதாபப்பட்டால், அப்படிப் பரிதாபப்படுகிறவருக்குத் தொழிலின் ருசி தெரியாது என்றே நான் சொல்வேன். ‘ரான்’, ‘கனவுகள்’ என்று தொடர்ந்து ஐந்து படங்களில், 1993-ல் காலமாகும் வரை, அவர் அந்த ஸ்தானத்திலேயே உழைத்தார். ‘கனவுகள்’ படத்தில், மாண்ட சிப்பாய்கள் சுரங்கப்பாதையிலிருந்து அணிவகுத்து வரும் பகுதிக்கு அவருடைய பட்டாள அனுபவம் பெரிதும் உதவியது. அதில் அவர் பங்கு எவ்வளவு என்று இன்றும் ரசிகர்கள் தர்க்கித்துக்கொண்டிருக்கிறார்கள்.