பொம்மைகளும் அலைவரிசையின் உரிமையாளரும்

அரசியல் அங்கதத்தின் ஆயுள் அதை எழுதுகிறவரின் துணிச்சலைப் பொறுத்தது என்றே நம்மில் பலர் எண்ணுகிறோம். அச்சில் அது ஓரளவு உண்மை. தொலைக்காட்சியில் அல்ல. ரஷ்யாவின் என்டிவி அலைவரிசையில் 1994 முதல் 2002 வரை ஒளிபரப்பான ‘கூக்லி’, அதாவது ‘பொம்மைகள்’, இதற்குத் தக்க சான்று.

நாட்டின் தலைவர்களை ரப்பர் பொம்மைகளாக்கிச் செவ்விலக்கியக் கதைகளுக்குள் உலவவிட்டதே அந்நிகழ்ச்சியின் தனித்தன்மை. எழுதியவர்களுள் முதன்மையானவர் விக்தர் ஷெந்தரோவிச். 1995இல் கார்க்கியின் நாடகமொன்றைத் தழுவி எல்த்ஸினையும் அவருடைய பிரதமரையும் வறியவர்களாகக் காட்டியபோது அரசுத் தரப்பு வழக்குத் தொடுத்தது, பிறகு கைவிட்டது. 2000இன் தொடக்கத்தில் ஹாஃப்மனின் ‘குட்டி ஸாகஸ்’ கதை அரங்கேறியது. அழகற்ற குள்ளன் ஒருவனுக்குத் தேவதை வரமளிக்கிறாள். பிறர் செய்யும் நற்செயல்களெல்லாம் அவனுடையவையாகவே ஊரார் கண்களுக்குத் தோன்றுகின்றன. இங்கே குள்ளன் பூட்டின். தேவதை, பெருஞ்செல்வர் பெரெஸோவ்ஸ்கி. தொல்காப்பியர் ‘பழிகரப்பு’ என்று வகுத்த அங்கதம் இத்தகையதே. வசைச்சொல் எங்குமில்லை; கதையே வசையாகிறது.

பீட்டர்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தைச் சார்ந்த சிலர் சட்ட நடவடிக்கை கோரிக் கடிதம் எழுதினர். பூட்டின் பொம்மையை நீக்குமாறு நெருக்குதல் வந்ததாக ஷெந்தரோவிச் பின்னர் கூறியிருக்கிறார். அதற்கு அவர் தந்த மறுமொழியும் ஒரு நிகழ்ச்சியே. அதில் பூட்டின் உருவம் இல்லை. பத்துக் கட்டளைகளை அருளும் எரியும் முட்புதர் இருந்தது.

துணிச்சலுக்கு இதற்கு மேல் என்ன வேண்டும்? ஆயினும், 2001 ஏப்ரலில் அரசின் பிடியிலிருந்த காஸ்ப்ராம் நிறுவனம் என்டிவியைக் கைப்பற்றியது. மறு ஆண்டே பொம்மைகள் மறைந்தன.

இதைக் கலைக்கும் கொடுங்கோன்மைக்கும் நடந்த போர் என்று மட்டும் சுருக்குவது எளிது. ஆனால் என்டிவியின் உரிமையாளர் குஸின்ஸ்கியும் பெருஞ்செல்வரே. 1996 தேர்தலில் அவருடைய அலைவரிசை எல்த்ஸின் பக்கம் நின்றது. அவருக்குச் செல்வாக்கு இருந்தவரை பொம்மைகளுக்குக் காவல் இருந்தது. 2000 ஜூனில் அவரே கைதானபோது அக்காவல் குலைந்தது. எழுத்தாளரின் துணிச்சல் இடையில் குறையவேயில்லை என்பதைக் கவனிக்க வேண்டும்.

ஆகவே, ஒரு நிகழ்ச்சி ஆட்சியாளரை எவ்வளவு கேலி செய்கிறது என்று பார்த்து அதன் சுதந்திரத்தை மெச்சிவிடுவது போதாது. தன் உரிமையாளரை அதனால் கேலி செய்ய முடிகிறதா, அவர் மாறினால் அது நிலைக்குமா என்றும் கேட்டாக வேண்டும். ஹாஃப்மன் 1819இல் வெளியிட்ட கதையை இன்றும் எவரும் எடுத்து வாசிக்கலாம். தொலைக்காட்சி அங்கதத்துக்கு அந்தப் பேறு தானாக வாய்ப்பதில்லை.