காணாமற்போன கோப்பும் ஆய்வு நெறியும்

1956 நவம்பர் 1 அன்று தோவாளை, அகத்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு இணைந்தபோது, நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்திலேயே நின்றது. அதனால் உதியன்குளங்கரை, பாறசாலை வட்டாரத்தின் எல்லைப் பேச்சு மொழியியலார்க்கு விருப்பமான களமாக இருக்கிறது. முதியோர் பேச்சைப் பதிதல், எழுத்தில் பெயர்த்தல், குறியிடுதல் எல்லாம் இன்று கணினியில்தான். ஆறு மாதக் களப்பணியைத் தாங்கிய அக்கணினி, ஒரு நாள் 'எம்எஸ்விசிபி140.டிஎல்எல் கிடைக்கவில்லை' என்று அறிவித்தால் ஆய்வாளர் என்ன செய்கிறார்? கோப்பின் பெயரைத் தேடுகிறார். முதலில் தென்படும் இலவசத் தளத்திலிருந்து அதை இறக்கி, சிஸ்டம்32 அடைவில் போட்டுவிடுகிறார். ஒரு சுவடியின் மூலம் எது என்று மூன்று பக்கம் அடிக்குறிப்பு எழுதும் கல்வி மரபில் வளர்ந்தவர் அவர். யார் தொகுத்தது, எந்தப் பதிப்பு, இடையில் யார் கை வைத்தது என்று எதுவும் அறியாமல் ஒரு கோப்பைத் தம் தரவின் தலைமாட்டில் வைக்கிறார். பாடபேதம் பார்க்கும் கண் இங்கே மட்டும் ஏன் மூடிக்கொள்கிறது?

பல நிரல்களுக்கும் பொதுவான செயல்களை ஒவ்வொன்றிலும் தனித்தனியே எழுதாமல் ஒரே கோப்பில் வைத்து, இயங்கும் நேரத்தில் அழைத்துக்கொள்வதே பகிர்வு நூலகம். விண்டோசில் அது டிஎல்எல், லினக்சில் எஸ்ஓ.

தமிழ் படித்தோர்க்கு இது அந்நியச் செய்தி அன்று. 'கொ' என்பதில் மெய்க்குப் பின் சேமிக்கப்படும் உயிர்க்குறி, திரையில் இருபுறமும் பிரிந்து நிற்க வேண்டும். விண்டோஸ் 2000, எக்ஸ்பி காலத்தில் அவ்வேலையைச் செய்தது யுஎஸ்பி10.டிஎல்எல். அது பழையதாயின், அல்லது இந்திய மொழிகளுக்கான வசதி நிறுவப்படாதிருப்பின், கொம்பு இடம் மாறும். புள்ளி வட்டங்கள் முளைக்கும். தமிழரும் மலையாளிகளும் அந்நாளில் அக்கோப்பின் புதிய பதிப்பைக் கைமாற்றிக்கொண்டனர். அமைப்பு அடைவில் இட்டால் விண்டோசின் கோப்புக் காப்பு பழையதையே மீட்டு வைத்துவிடும். நிரலின் சொந்த அடைவில் இட்டால் வேலை செய்யும். தேடல் பொதுவாக அங்கிருந்தே தொடங்குகிறது. அன்று அதற்கு ஒரு நியாயம் இருந்தது. நியாயம் போனது, பழக்கம் மட்டும் நிலைத்துவிட்டது.

எம்எஸ்விசிபி140, விசிரன்டைம்140 ஆகியவை மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி++ இயக்கநேரத் தொகுப்பைச் சேர்ந்தவை. 2015 முதல் 2022 வரையிலான பதிப்புகளுக்கு ஒரே தொகுப்பு போதும். மைக்ரோசாஃப்ட்டின் தளத்திலேயே இலவசமாகக் கிடைக்கிறது. 64 பிட் கணினியில் 32 பிட் நிரலும் இயங்கக்கூடும் ஆதலால் இரு வகையையும் நிறுவ வேண்டும். கோப்பைத் தனியே நகலெடுப்போர் தடுக்கி விழும் இடமும் இதுவே. சிஸ்டம்32 அடைவில் இருப்பவை 64 பிட் கோப்புகள். 32 பிட் கோப்புகள் சிஸ்வாவ்64 அடைவில் இருக்கின்றன. பெயரிட்டவர்களின் விளையாட்டு! இரண்டையும் குழப்பினால் 'கோப்பு இல்லை' என்ற பிழை மறைந்து, ஒன்றும் விளங்காத எண்ணோடு வேறொரு பிழை வரும். 'ரெக்எஸ்விஆர்32 கட்டளையால் பதிவு செய்க' என்னும் அறிவுரையும் இங்குப் பயனற்றது. இக்கோப்புகளில் பதிவுக்கான நுழைவே கிடையாது. காணாமற்போனது நிரலின் சொந்தக் கோப்பாயின் நிரலை மீண்டும் நிறுவ வேண்டும். நச்சுநிரல் தடுப்பான் அதைச் சிறைவைத்திருக்கிறதா என்றும் பார்க்க வேண்டும். 'மீண்டும் நிறுவினால் சரியாகலாம்' என்று பிழைச்செய்தியின் கடைசி வரியே சொல்கிறது. அதை வாசிப்பார்தாம் அரிது.

லினக்சுக்கு மாறினால் தீரும் என்பாரும் உளர். கேரளப் பள்ளிகளின் ஐடி அட் ஸ்கூல் திட்டம் 2001இல் தொடங்கிப் பின்னர்க் கட்டற்ற மென்பொருளைத் தழுவியது; 2017 முதல் கைட் என்ற நிறுவனமாக இயங்குகிறது. இவ்வட்டார மாணவர் பலர் க்னூ/லினக்சைப் பள்ளியிலேயே கண்டவர். ஆயினும் உபுண்டு 22.04இல் ஒரு பழைய நிரல் லிப்எஸ்எஸ்எல் 1.1 கேட்டு நின்றால் என்ன நடக்கிறது? புதிய 3ஆம் பதிப்புக்குப் பழைய பெயரில் இணைப்பு ஒன்றை உருவாக்குகிறார்கள். பெயர் பொருந்தும், உள்ளே உள்ள குறியீடுகள் பொருந்தா. எல்டிடி கட்டளை எந்த நூலகம் கிடைக்கவில்லை என்று வரிவரியாகக் காட்டும். தேவை அந்த ஒரு நிமிடப் பொறுமை.

'மொழியியலார்க்கு இது எதற்கு? டெக்னீஷியன் பார்த்துக்கொள்வார்' என்பது பேராசிரியர் சிலரின் வாதம். டெக்னீஷியன் பார்த்துக்கொள்வார்தான்: ஃபார்மட் செய்து தருவார். நகல் எடுக்கப்படாத ஒலிப்பதிவுகள் அதோடு போகும். அவற்றில் பேசிய எண்பது வயதினரை எங்கே தேடுவது? முனைவர் பட்ட மாணவர்க்கு ஆய்வு, வெளியீட்டு அறம் என்ற இரண்டு கிரெடிட் பாடத்தைப் பல்கலைக்கழக மானியக்குழு 2019இல் கட்டாயமாக்கியது. கருத்துத் திருட்டைக் கண்டறியும் மென்பொருள் பற்றி அதில் பேச இடமுண்டு. தரவைத் தாங்கும் மென்பொருள் எதன்மேல் நிற்கிறது என்பதற்கு மொழியியல் துறைகள் தம் பாடத்தில் இரண்டு மணி நேரம் ஒதுக்கட்டும். எந்த நிரல், எந்தப் பதிப்பு, எங்கிருந்து பெறப்பட்டது என்று ஆய்வேட்டின் பின்னிணைப்பில் எழுதுமாறு நெறியாளர்கள் கேட்கட்டும்.