தொகுதி எல்லையும் நீதிமன்ற வாயிலும்

நாம் எந்த நகரில் குடியேறியிருப்பினும், நமது வாக்கு எத்தொகுதியைச் சேரும் என்பதை வரையறுப்பது எல்லை நிர்ணயக் கமிஷனே. அதன் ஆணையை எதிர்த்து வழக்காட இயலுமா?

உஜ்ஜயினித் தொகுதி அட்டவணை வகுப்பினருக்கென ஒதுக்கப்பட்டதை எதிர்த்து அவ்வூர் வாக்காளர் ஒருவர் தொடுத்த வழக்கைச் சுப்ரீம் கோர்ட்டு 1966-ல் தள்ளுபடி செய்தது. கெஜட்டில் வெளியான ஆணை சட்டத்துக்கு ஒப்பானது. அரசியல் சாசனத்தின் 329-வது பிரிவு வழக்கைத் தடுக்கிறது. தடை இல்லையேல் தேர்தலே நடவாது என்பது தீர்ப்பு. காரணம் நியாயமே. ஆயினும் கமிஷனே தவறினால் குடிமகன் எங்கே முறையிடுவான்?

2024-ல் குஜராத்தின் பர்தோலித் தொகுதி வழக்கில், ஆணை அப்பட்டமாகத் தன்னிச்சையானதாகவும் சாசனத்துக்கு முரணாகவும் இருப்பின் தலையிடலாம் என்று அதே நீதிமன்றம் கூறிற்று. இதை நாம் வரவேற்கிறோம். எனினும், நகல் திட்டம் வெளியாகி ஆட்சேபங்கள் கோரப்படும்போதே அன்பர்கள் எழுதி அனுப்புவது நலம். வழக்குச் செலவும் மிச்சம்.