நிவாரணம் வேறு, நஷ்ட ஈடு வேறு

சாரல் விழத் தொடங்கிவிட்டால் தென்காசிச் சாலைகளுக்கு ஓய்வு கிடையாது. குற்றாலத்துக்கு வரும் வேன்களும் கார்களும் ஒருபுறம். புளியரை வழியாகக் கேரளத்துக்குப் பாரம் ஏற்றிச் செல்லும் லாரிகள் மறுபுறம். இடையிலே சைக்கிளிலும் மோட்டார் சைக்கிளிலும் கூலி வேலைக்குப் போய்வரும் நம் தோழர்கள்.

2024 ஜனவரி 28 அதிகாலை, குற்றாலத்தில் குளித்துவிட்டுப் புளியங்குடி திரும்பிய ஆறு பேர், கடையநல்லூருக்கு அருகே கார் சிமெண்டு லாரியுடன் மோதி மாண்டனர். 2025 நவம்பர் 24 அன்று இடைகால் அருகே இரண்டு தனியார் பஸ்கள் நேருக்கு நேர் மோதின. அங்கேயும் உயிர்கள் பறிபோயின. 2022ஆம் ஆண்டில் மட்டும் தமிழ்நாட்டுச் சாலைகளில் மாண்டவர்கள் 17,884 பேர்.

பெரிய விபத்து நடந்தால் அரசாங்கம் நிவாரணத் தொகை அறிவிக்கிறது. அதை நாம் குறை சொல்லவில்லை. ஆனால் நிவாரணம் என்பது அரசாங்கம் பார்த்துக் கொடுப்பது. ஆறு பேர் செத்தால் அறிவிப்பு வரும். தனியாக ஒரு கொத்தனார் அடிபட்டுச் செத்தால் வராமலும் போகும். நஷ்ட ஈடு அப்படியல்ல. அது மாண்டவரின் குடும்பம் சட்டப்படி கேட்டு வாங்கவேண்டிய பாக்கி. நிவாரணம் வாங்கியதோடு கணக்குத் தீர்ந்தது என்று எண்ணும் குடும்பங்கள் இன்றும் நம்மிடையே இருக்கின்றன. அதனால் லாபம் அடைவது இன்ஷூரன்ஸ் கம்பெனிதான்.

எவ்வளவு பாக்கி? தோழர்களே, கணக்கைப் பாருங்கள். மாதம் 12,000 ரூபாய் சம்பாதிக்கும் 32 வயதுச் சுமைத் தொழிலாளி. மனைவி, இரண்டு பிள்ளைகள், தாய் என நான்கு பேர் அவரை நம்பி இருக்கிறார்கள். நிரந்தர வேலை இல்லாதவராயினும், நாற்பது வயதுக்கு உட்பட்டவருக்கு எதிர்கால வருமான உயர்வாக நூற்றுக்கு 40 சேர்க்கவேண்டும் என்று 2017இல் பிரணாய் சேத்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆக 16,800. அவருடைய சொந்தச் செலவுக்கு நாலில் ஒரு பங்கு கழித்தால் 12,600. ஆண்டுக்கு 1,51,200. சரளா வர்மா வழக்கின் 2009ஆம் ஆண்டுத் தீர்ப்பு அந்த வயதுக்கு வகுத்த பெருக்கம் 16. மொத்தம் 24,19,200 ரூபாய். ஈமச் செலவும், துணையை இழந்ததற்கான தொகையும் இதற்கு மேல்.

இல்லத்தரசி இறந்தால் வருமானம் ஏது என்று கம்பெனி கேட்கும். வீட்டு வேலையும் உழைப்பே, அதற்கும் மதிப்புப் போடவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2021இல் கீர்த்தி வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது.

இங்கேதான் ஒரு பொறி இருக்கிறது. 2019இல் திருத்தப்பட்ட மோட்டார் வாகனச் சட்டத்தின் 164ஆவது பிரிவு, யார் மேல் தவறு என்று பாராமல், மரணத்துக்கு 5 லட்சம் தருகிறது. எதிர் வண்டியின் தவறை நிரூபிக்க முடியாத குடும்பத்துக்கு இது கைகொடுக்கும், மறுக்கவில்லை. ஆனால் அந்த 5 லட்சத்தைப் பெற்றுக்கொண்டால், 166ஆவது பிரிவின்படி போட்ட முழு நஷ்ட ஈட்டு மனு செல்லாமல் போய்விடும். பிணவறை வாசலிலேயே காகிதத்தை நீட்டிக் கையெழுத்துக் கேட்கிறவர்கள் இதைச் சொல்வார்களா? 24 லட்சத்துக்கு உரியவர்கள் 5 லட்சத்தோடு வீடு திரும்பினால் மிச்சம் யாருக்கு?

இன்னொரு அநீதியும் உண்டு. மனுப் போட ஆறு மாதக் கெடு என்ற விதி 1994இல் நீக்கப்பட்டது. 2019 திருத்தத்தில் அதை மீண்டும் நுழைத்து, 2022 ஏப்ரல் 1 முதல் அமலாக்கினார்கள். தாலியறுத்தவள் அழுது தீர்க்கவே ஆறு மாதம் போதாதே! இதை எதிர்த்த வழக்குகளில், காலம் கடந்தது என்று சொல்லி மனுக்களைத் தள்ளவேண்டாம் என உச்ச நீதிமன்றம் 2025 நவம்பரில் இடைக்கால உத்தரவு போட்டது. ஆனால் இடைக்கால உத்தரவை நம்பிச் சும்மா இருப்பது ஆபத்து. ஆறு மாதத்துக்குள் மனுப் போடுவதே பாதுகாப்பு.

மோதிவிட்டு ஓடிய வண்டி எதுவென்று தெரியாவிட்டால்? அதற்கும் மரணத்துக்கு 2 லட்சம் உண்டு. 2022 ஏப்ரலுக்கு முன் அது 25,000 ரூபாயாக இருந்தது. வண்டி ஓட்டும் வேலையிலேயே உயிர் விட்ட டிரைவரின் குடும்பம், தொழிலாளர் இழப்பீட்டுச் சட்டப்படியும் கேட்கலாம். ஆனால் இரண்டு சட்டங்களில் ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்கலாம்.

அரசு போக்குவரத்துக் கழகங்களுக்கும் ஒன்று சொல்கிறோம். தீர்ப்பான தொகையைக் கட்டாமல் இழுத்தடித்து, கடைசியில் நீதிமன்ற ஊழியர் வந்து பஸ்ஸை ஜப்தி செய்யும் காட்சி தமிழ்நாட்டில் புதிதல்ல. மக்கள் பணத்தில் ஓடும் பஸ், மக்களின் பாக்கியைத் தீர்க்க ஜப்தி வரை காத்திருக்கலாமா?

நம் கிளைத் தோழர்கள் செய்யவேண்டியது இதுதான். விபத்துச் செய்தி வந்த அன்றே அந்த வீட்டுக்குச் செல்லுங்கள். எதிலும் கையெழுத்துப் போடவேண்டாம் என்று முதலில் சொல்லுங்கள். முதல் தகவல் அறிக்கை, பிரேதப் பரிசோதனைச் சான்று, வண்டியின் இன்ஷூரன்ஸ் விவரம் மூன்றையும் வாங்கச் செய்யுங்கள். விபத்து அறிக்கையைப் போலீசார் மூன்று மாதத்துக்குள் தீர்ப்பாயத்துக்கு அனுப்பவேண்டும். அனுப்பினார்களா என்று ஸ்டேஷனில் கேளுங்கள். குற்றாலத்துக்கு வந்த இடத்தில் உயிர் விட்டவர் மதுரைக்காரர் என்றால், அவர் குடும்பம் மதுரையிலேயே மனுப் போடலாம், தென்காசிக்கு அலையவேண்டியதில்லை. பெண்களுக்கும் குழந்தைகளுக்கும் வருமானம் பாராமல் இலவச வக்கீல் தர, 1987ஆம் ஆண்டுச் சட்டப்படி இலவசச் சட்ட உதவிக் குழு கடமைப்பட்டிருக்கிறது.

சங்கங்களுக்கும் ஒரு வேலை உண்டு. கூலிக்கு ரசீது இல்லாத தொழிலாளிக்கு நீதிமன்றம் உத்தேச வருமானம்தான் போடும். மாதந்தோறும் கூலியைச் சங்கப் பதிவேட்டில் எழுதி வையுங்கள். நாளை அந்த ஏடு ஒரு விதவைக்குச் சாட்சி சொல்லும்.