69 + 30 + 20 = 119%? அரசு வேலை இட ஒதுக்கீட்டுக் கணக்கு எப்படி?

தமிழ்நாடு அரசு வேலைகளில் சமூக வாரியாக 69%, பெண்களுக்கு 30%, தமிழ்வழியில் படித்தவர்களுக்கு 20% ஒதுக்கீடு. கூட்டினால் 119% வருதே, எப்படி?

சிம்பிளா சொன்னா, ஒருவரே இரண்டு, மூன்று பட்டியலில் இருக்கலாம்.

தேனி மாவட்டம் குச்சனூரில் 40 பேர் குரூப் 4 தேர்வுக்குப் படிப்பதாக வைத்துக்கொள்வோம். பெண்கள் 22, தமிழ்வழியில் படித்தவர்கள் 24, இரண்டிலும் சேராதவர்கள் 5. நாற்பதில் அந்த 5 போக மீதி 35. ஆனால் 22 + 24 = 46. கூடுதலாக வரும் 11 பேர் இரண்டு முறை எண்ணப்பட்டவர்கள். அதாவது, தமிழ்வழியில் படித்த பெண்கள்.

வேலையில் இது எப்படி?

பெண்கள், தமிழ்வழி ஒதுக்கீடு இரண்டும் ஒவ்வொரு சமூகப் பிரிவுக்கு உள்ளேயே வரும். 100 இடங்களில் மிகவும் பிற்படுத்தப்பட்டோர், சீர்மரபினருக்கு 20. அந்த 20-ல் பெண்களுக்கு 6.

பொதுப்பிரிவு நிரம்பிய பிறகு, இந்தப் பிரிவின் மதிப்பெண் வரிசையில் வரும் முதல் 20 பேரில் ஏற்கெனவே 4 பெண்கள் இருந்தால்? இன்னும் 2 பேர் போதும். வரிசையின் கடைசியில் உள்ள 2 ஆண்களுக்குப் பதில் அடுத்த 2 பெண்கள் வருவார்கள். அந்த 4 பேரைக் கணக்கில் எடுக்காமல் தனியாக 6 இடம் கொடுத்தால் பெண்கள் 10 ஆகிவிடும். 4 ஆண்கள் வாய்ப்பை இழப்பார்கள்.

மெரிட்டில் வந்த பெண்களையும் பெண்கள் ஒதுக்கீட்டில் சேர்த்தே எண்ண வேண்டும் என்று 2007-ல் ராஜேஷ் குமார் தரியா வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது.

சரி, மெரிட்டிலேயே 8 பெண்கள் வந்தால்? யாரையும் நீக்கத் தேவையில்லை. 6 என்பது குறைந்தபட்சம்தான், உச்சவரம்பு இல்லை.