முதலை உண்ட ஆண்டுகள்

கதைகளில் வரும் மந்திரவாதிகளுள் சிறுவர் பெரிதும் விரும்புவது காலத்தை ஆள்பவனையே. நெருப்பைக் கக்குபவனும் வானில் பறப்பவனும் அவனுக்கு அடுத்த வரிசையில்தான் நிற்பர். வரதய்யபாளையத்துச் சிறுவரும் இதற்கு விலக்கல்லர். கிழக்கே ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து ஏவூர்தி எழும் நாளில், பத்து, ஒன்பது, எட்டு என்று எண்கள் பின்னோக்கி இறங்குவதைக் கேட்டு வளர்பவர்கள் அவர்கள். எண்களைப் போலவே நாள்களும் பின்னோக்கி இறங்கினால் எப்படி இருக்கும் என்னும் ஆசை அவர்களுக்குத் தோன்றுவது இயல்பே.

அந்த ஆசையை இன்றைய கதைகள் நன்கு வளர்த்துள்ளன. எச். ஜி. வெல்ஸ் 1895இல் எழுதிய புதினத்தில் காலத்தில் பயணம் செய்யும் பொறி வருகிறது. 2016இல் வெளிவந்த ‘24’ என்னும் தமிழ்த் திரைப்படத்தில், காலத்தை நிறுத்தவும் திருப்பவும் வல்ல கைக்கடிகாரம் வருகிறது. இத்தகைய வித்தையைப் புதிதாகக் கற்பனை செய்வோர் யாராயினும், முதலில் ஒரு கேள்விக்கு விடை கூறவேண்டும். ஒருவனுக்காகக் காலம் திரும்பினால், அதற்குள் பிறர் வாழ்ந்த நாள்கள் என்னவாகும்? ஒருவனின் தவறு அழியும்போது, அதே நாளில் பிறந்த குழந்தையும் அழியுமா? பல கதைகள் இக்கேள்வியை விரைந்து தாண்டிச் செல்கின்றன.

பழங்கதைகள் அவ்வாறு தாண்டவில்லை. விடியும்போது கணவன் இறப்பான் என்று முனிவர் சபித்ததும், கதிரவன் எழாதிருக்கக் கட்டளையிட்டாள் நளாயினி. கணவன் பிழைத்தான், உலகமோ இருளில் தவித்தது. வானவரும் அஞ்சி ஓடிவந்த பின்னரே அவள் விடியலை விடுவித்தாள். ஒரு வீட்டின் துயரைத் தடுக்க எல்லார் வீட்டுப் பகலையும் நிறுத்தலாகாது என்பதை அக்கதை மறைக்கவில்லை. மகள் ரேவதிக்கு மணமகன் தேடிப் பிரமனின் உலகுக்குச் சென்ற ககுத்மி மன்னனோ சற்று நேரமே அங்குக் காத்திருந்தான். அதற்குள் மண்ணுலகில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்தன. அவன் எண்ணிவைத்த மாப்பிள்ளைகளின் பெயர்களும் மறைந்துபோயின. (இடத்துக்கு இடம் காலம் வேறு வேகத்தில் ஓடும் என்பதை இயற்பியலும் ஏற்கிறது. ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களின் கடிகாரங்கள் நாளொன்றுக்கு ஏறத்தாழ 38 மைக்ரோ நொடி முந்துகின்றன. ககுத்மிக்கு நேர்ந்ததோ இதற்கு நேர்மாறு. மேலே சென்றவன் பிந்திவிட்டான்.)

எனினும், காலத்தை ஆளும் கதைகளுள் தலைசிறந்தது இவற்றுள் எதுவுமன்று. அது அவிநாசியில் நிகழ்ந்ததாகச் சேக்கிழார் பெரியபுராணத்தில் கூறும் கதையே.

சுந்தரர் அவிநாசித் தெரு ஒன்றில் நடந்து செல்கிறார். ஒரு வீட்டில் மங்கல ஒலி, எதிர்வீட்டில் அழுகை. காரணம் வினவுகிறார். சில ஆண்டுகளுக்கு முன் ஐந்து வயதுச் சிறுவர் இருவர் மடுவில் குளிக்கச் சென்றனர். ஒருவனை முதலை விழுங்கிவிட்டது. பிழைத்தவனுக்கு இன்று பூணூல் அணிவிக்கும் விழா. அதனால்தான் எதிர்வீட்டில் அழுகை. அவ்வொலியை ஒவ்வொரு நாளும் கேட்டிராத பெற்றோர், அன்று கேட்டபோது தாங்கவில்லை. மகன் இருந்திருந்தால் அவனுக்கும் இவ்வயதுதானே! ஆயினும் சுந்தரர் வந்திருப்பதை அறிந்ததும் கண்ணீரை மறைத்துக்கொண்டு அவரை வணங்கி வரவேற்றனர்.

சுந்தரர் மடுவின் கரைக்குச் சென்று பாடினார். முதலை வந்து சிறுவனைக் கரையில் உமிழ்ந்தது. வியப்பு அதன் பின்னரே தொடங்குகிறது. வெளிவந்தவன் ஐந்து வயதுக் குழந்தை அல்லன். கழிந்த ஆண்டுகளின் வளர்ச்சியும் உடன் பெற்று, எதிர்வீட்டுத் தோழனின் வயதினனாகவே வந்தான். மயிலாப்பூரில் ஏழு வயதில் பாம்பு தீண்டி இறந்த பூம்பாவையும், சம்பந்தர் பாடியபோது பன்னிரண்டு வயதுப் பெண்ணாகவே எழுந்தாள் என்பது கதை.

இவ்வித்தை பிறர் காலத்தில் கைவைக்கவில்லை. எதிர்வீட்டுச் சிறுவன் வளர்ந்த ஆண்டுகள் அவனுக்கே உரியன. அவன் விழாவும் நிற்கவில்லை. மடுவுக்குச் சென்ற நாள் அழிக்கப்படவும் இல்லை. இழந்தவனுக்கு மட்டும், அவன் இன்று நிற்கவேண்டிய இடம் கிடைத்தது.

குழந்தையாகவே திரும்பியிருந்தால் பெற்றோர் மேலும் மகிழ்ந்திருப்பரே என்று சிலர் வாதிடலாம். அவ்வாதத்தில் உண்மை இல்லாமலில்லை. மகன் ஆறு வயதில் எப்படிச் சிரித்தான், எப்போது பல் விழுந்தது என்பவற்றை அத்தாய் ஒருபோதும் காணமாட்டாள். சுந்தரரின் பாட்டும் அதை அவளுக்குத் தரவில்லை. ஆனால் ஐந்து வயதிலேயே நின்றுவிட்ட மகன், வளர்ந்துவிட்ட தோழனுடன் எவ்வாறு விளையாடுவான்? அவன் மீண்டும் ஒருமுறை தனிமைப்பட்டிருப்பான். என்றும் பதினாறாக இருக்கும் வரம் பெற்ற மார்க்கண்டேயனின் தோழர்களைப் பற்றி யாரும் கேட்பதில்லை என்பதும் எண்ணத்தக்கது.

ஸ்ரீசிட்டி போன்ற தொழில் நகரங்களுக்காக ஊர் பெயர்ந்த குடும்பங்களுக்கு இக்கதை அயலானதன்று. விடுமுறையில் சொந்த ஊருக்குச் செல்லும் சிறுமி, தான் விட்டுவந்த நாளிலேயே அவ்வூர் நின்றிருக்கும் என்று எண்ணிச் செல்கிறாள். அங்கே தவழ்ந்த தம்பி பள்ளிக்குச் செல்கிறான். பாட்டியின் நடை தளர்ந்திருக்கிறது. பாட்டியும் பழைய அளவிலேயே பாவாடை தைத்து வைத்திருக்கிறாள். தவறவிட்ட ஆண்டுகளைத் திருப்பித் தரும் கடிகாரம் அவ்வீட்டில் இல்லை. அவர்கள் செய்யக்கூடியது, தையலைப் பிரித்துப் பாவாடையை நீளமாக்குவதே.

சுந்தரரும் பாடியதோடு நின்றுவிடவில்லை. மீண்ட சிறுவனை அழைத்துவந்து, அவன் வயதுக்குரிய பூணூல் விழாவைத் தாமே முன்னின்று நடத்திவைத்தார். அன்று அத்தெருவின் இரண்டு வீடுகளிலும் மங்கல ஒலி கேட்டது.