தன் மலை விட்டிறங்காத செடி



ஐப்பசி மழை ஓய்ந்த காலைப் பொழுதில் கங்கைகொண்டானின் வயல் வரப்புகளில் நடப்போர், முழங்கால் உயரம் வளரும் ஒரு பூண்டினைக் காணாதிருக்க இயலாது. சின்னஞ்சிறு ஊதாப் பூக்களைத் தாங்கி நிற்கும் அதனைச் சீதேவி செங்கழுநீர் என்பர் நம் பெரியோர். காய்ச்சலுக்குக் கஷாயம் வைக்கப் பாட்டிமார் பறிப்பதுண்டு. மற்றையோர் மிதித்துச் செல்வர். எளிய இப்பூண்டின் அரிய உறவுச் செடி ஒன்றனை இம்மாதம் அறிமுகம் செய்ய விழைகிறேன்.

முதலில் குடும்பத்தை அறிவோம். சாமந்தி, சூரியகாந்தி, கரிசலாங்கண்ணி யாவும் இக்குடும்பத்தினவே. நாம் ஒரு பூ என்று எண்ணுவது இவற்றில் உண்மையில் பல பூக்களின் கூட்டம். சூரியகாந்தியின் வட்டத்தைப் பிரித்துப் பாருங்கள். நூற்றுக்கணக்கான சிறு பூக்கள் ஒரே தட்டில் நெருங்கி அமர்ந்திருக்கும். உலகெங்கும் 20,000-க்கும் மேற்பட்ட இனங்களைக் கொண்ட இப்பெருங்குடும்பத்தில் பூண்டுகளே மிகுதி.

ஆனால் சேலம் மாவட்டத்துச் சேர்வராயன் மலையில், ஏற்காட்டைச் சூழ்ந்த உயரங்களில், சிறுமரம் போல் ஓங்கும் செடியொன்று இக்குடும்பத்தில் உண்டு. சென்னை மாகாணத் தாவரங்களைத் தொகுத்தெழுதிய வன அதிகாரி காம்பிள், அம்மலையின் பெயராலேயே அதனை ‘வெர்னோனியா செவராயென்சிஸ்’ என்று அழைத்தார். வெர்னோனியா என்பது வெர்னன் என்னும் ஆங்கிலத் தாவர அறிஞரின் நினைவாக எழுந்த பெயர். நம் சீதேவி செங்கழுநீரும் நெடுங்காலம் அப்பெயரையே தாங்கியிருந்தது.

இவ்வினத்தாரின் விதைகளில் மயிர்க்குஞ்சம் இருக்கும். காற்று அவற்றைத் தூக்கிச் செல்லும். அவ்வாறாயின், ஒன்று நாடெங்கும் பரவ, மற்றொன்று மலை விட்டு இறங்காதது ஏன்? குளிர்ந்த பனியும் மேகமும் தவழும் உயரமே அதற்கு வீடு. சுற்றிலும் பரந்துள்ள வெப்பச் சமவெளியோ, தீவைச் சூழ்ந்த கடலுக்கு ஒப்பாகும். விதை பறந்தாலும் வேரூன்ற இடமில்லை.

தீவு சுருங்கினால் தீவில் வாழ்வது எங்கே செல்லும்? சேர்வராயன் மலையில் 1820-களிலேயே காப்பி பயிரிடத் தொடங்கினர். பின்னர் பாக்சைட் என்னும் அலுமினியத் தாதுவுக்காக மேற்பரப்பு அகழப்பட்டது, விடுதிகளும் பெருகின. காப்பியும் அலுமினியமும் நம் இல்லங்களுக்கு வேண்டுவனவே. பிறரை மட்டும் பழித்துப் பயனில்லை. எனினும், வேறு போக்கிடமற்ற உயிருக்கு ஒரு மூலையேனும் ஒதுக்குவது நம் கடன் அன்றோ?

அக்கடனை உணர்ந்தோரும் உளர். ஏற்காட்டிலுள்ள இந்தியத் தாவர மதிப்பாய்வு நிறுவனத்தின் தோட்டத்தில் இச்செடியை வளர்த்துக் காக்கின்றனர். திருச்சி புனித வளனார் கல்லூரியில் 1967-ஆம் ஆண்டில் ராபினாட் தாவரக் களஞ்சியத்தைத் தோற்றுவித்த சேசுசபைக் குரு கே. எம். மாத்யூ அடிகளார், குழுவினருடன் தமிழகத்து மலைகளில் ஏறி இறங்கிச் செடிகளைச் சேகரித்து, பெயரிட்டு, ஏட்டில் பதித்தார். பெயர் தெரியாத ஒன்று மறைந்தால் மறைந்ததையே எவரும் அறியார். ஆதலின் பெயரிட்டுப் பதிவதும் காத்தலின் முதற்படியாகும்.

கங்கைகொண்டானுக்கு இப்பாடம் புதிதன்று. இங்குள்ள புள்ளிமான்களுக்காக 2013-ஆம் ஆண்டில் ஏறத்தாழ 288 ஹெக்டேர் நிலம் சரணாலயமாக அறிவிக்கப்பட்டது. தொழிற்பேட்டையும் நெடுஞ்சாலையும் அருகிருக்க, மானுக்கும் ஓர் இடம் வகுத்தோம். மானுக்குக் கண்ணுண்டு, அதைக் கண்டு நாம் இரங்குகிறோம். செடி நம்மை நோக்குவதில்லை. நாம்தான் அதனை நோக்க வேண்டும்.

பெற்றோரே, விடுமுறையில் ஏற்காடு செல்வீராயின், பெயரறியாக் கிளையை ஒடிக்க வேண்டாமெனப் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள். செல்ல இயலாவிடினும் குறையில்லை. நாளைக் காலை வரப்பிற்கு அவர்களை அழைத்துச் சென்று, அந்த ஊதாப் பூவைக் காட்டி, அதன் பெயரைச் சொல்லிக் கொடுங்கள்.